பென்சிலில் எழுதும் அண்ணன்

பிப்ரவரி 9

என் அன்புத் தங்கை வாலுவுக்கு,

அண்ணன் எழுதுவது. நலம் என்று எழுதினால் நீயே சிரிப்பாய். உயிரோடு இருக்கிறேன், அவ்வளவுதான். நீயும் மருமகளும் எப்படி இருக்கிறீர்கள்? அவள் கல்லூரிக்கு ஒழுங்காகப் போகிறாளா, இல்லை நம் விவகாரம் அங்கேயும் போய்ச் சேர்ந்துவிட்டதா?

பஸ்ஸில் ஏறினால் இருபது நிமிடத்தில் வந்துவிடலாம், இவன் எதற்குத் தபாலில் எழுதுகிறான் என்று நினைப்பாய். வக்கீல் போட்ட உத்தரவு. நாம் இரண்டு பேரும் ஒரே வழக்கில் இருக்கிறோம். போனில் பேசினால் யாரோ ஒட்டுக் கேட்பார்களாம். நேரில் பார்த்துக்கொண்டால் கூடிப் பேசிக் கதை கட்டுகிறார்கள் என்பார்களாம். கூடப் பிறந்தவளிடம் பேச அண்ணனுக்கு அனுமதி இல்லை. எப்படி இருக்கிறது பார், நம் பிழைப்பு.

குற்றப்பத்திரிகை உனக்கும் வந்திருக்கும். இருநூற்றுப் பதினான்கு பக்கம். இத்தனை பக்கத்தையும் ஒரே வரியில் சொல்லிவிடலாம்: இரண்டாவது படிக்கட்டு இல்லாத ஹோட்டலுக்கு நான் கட்டட அனுமதி கொடுத்தேன், பதிலுக்கு அந்த ஹோட்டல்காரன் என் வீட்டுக்கு மேல்மாடி கட்டிக்கொடுத்தான். அந்த ஹோட்டல் சமையலறையில் புகை கிளம்பியிருக்காவிட்டால் யாருக்கும் எதுவும் தெரிந்திருக்காது. என் கெட்ட நேரம்.

விசாரணை தொடங்கும் முன்பே என்னை வழக்கிலிருந்து விடுவிக்கச் சொல்லி மனு போடலாம் என்கிறார் வக்கீல். கோப்பில் இருப்பதை மட்டும் வைத்துப் பார்த்தால் என்மேல் ஒன்றும் நிற்காது என்பது அவர் கணக்கு. கெட்டிக்காரர். பேச்சைக் குறைத்து வாங்குவதை வாங்கிக்கொள்கிறவர்.

நீ ஒன்று மட்டும் செய். யார் கேட்டாலும் வாயைத் திறக்காதே. மற்றதை அண்ணன் பார்த்துக்கொள்கிறேன். இதுவரை பார்த்துக்கொள்ளவில்லையா?

அம்மாவுக்கு மூட்டுவலி கூடியிருக்கிறது. மேல்மாடி அறையில்தான் இருக்கிறாள். காற்று வருகிறது, வெளிச்சம் வருகிறது, ஆனால் இறங்கத்தான் மாட்டேன் என்கிறாள். உன் அண்ணி தட்டை மேலே கொண்டுபோய்க் கொடுத்துவிட்டு மூச்சு வாங்க இறங்கி வருகிறாள். அன்றைய சாப்பாட்டோடு சேர்த்து எனக்கும் கொஞ்சம் கிடைக்கிறது, திட்டு.

பென்சிலில் எழுதியிருக்கிறேன். படித்ததும் அழித்துவிடு. உனக்கு நான் சொல்லித்தர வேண்டியதில்லை.

பாசமுள்ள,
அண்ணன்

*

பிப்ரவரி 16

அன்புள்ள அண்ணாவுக்கு,

உன் கடிதம் வந்தது. அழித்துவிட்டேன். ரப்பர் தூளை ஊதித் தள்ளும்போது அலுவலகத்திலேயே உட்கார்ந்திருக்கிற மாதிரி இருந்தது.

நான் வேலைக்குச் சேர்ந்த முதல் நாள் ஞாபகம் இருக்கிறதா? உன் அறை வாசலை ஒட்டி, ஜெனரேட்டர் பக்கத்து ஜன்னலுக்குக் கீழே எனக்கு மேஜை போட்டுவைத்திருந்தாய். முதல் கோப்பை உள்ளே கொண்டுவந்தேன். குறிப்புத் தாளின் ஓரத்தில் நீ பென்சிலால் நாலு வரி எழுதித் தந்தாய். “இத அப்படியே உன் குறிப்பா மையில எழுது. எழுதி முடிச்சதும் ஓரத்துல இருக்கறத அழிச்சிடு. அப்புறம் கொண்டு வா, நான் கையெழுத்துப் போடறேன்” என்றாய். அதிகாரி பென்சில், எழுத்தர் பேனா. பதினொரு வருடம் அப்படியே ஓடிவிட்டது. துப்புரவு அம்மா தினமும் சண்டைக்கு வருவாள், மற்ற மேஜைக்குக் கீழே குப்பை கிடக்கிறது, உன் மேஜைக்குக் கீழே மட்டும் ரப்பர் தூள் எறும்புக் கூட்டமாகக் கிடக்கிறதே என்று.

வேலையிலிருந்து நீக்கி வைத்தபின் வீட்டில் பகல் இவ்வளவு நீளமாக இருக்கும் என்று இப்போதுதான் தெரிகிறது. இரண்டு முறை பாத்திரம் துலக்குகிறேன். சமையலறைக் குழாய் ஒழுகுகிறது. பிளம்பர் வந்து பார்த்துவிட்டு, நீங்கதான் பேப்பர்ல வந்தவங்களா என்று கேட்டான். ஆமாம் என்றேன். குழாயைச் சரிசெய்யாமல் போய்விட்டான்.

மகள் கல்லூரிக்குப் போகிறாள். அங்கே யாரும் எதுவும் கேட்கவில்லை என்கிறாள். மதியச் சாப்பாட்டுப் பெட்டி பாதி அப்படியே திரும்பி வருகிறது. அதனால் நான் நம்பவில்லை.

குற்றப்பத்திரிகையைப் படித்தேன். நீ முதல் எதிரியாம், நான் இரண்டாம் எதிரியாம். சின்ன வயதில் ஒரே மிட்டாய்க்கு அடித்துக்கொண்டபோது அம்மா நம்மை இதே பெயரில்தான் திட்டினாள். சிரிப்பு வந்தது. அப்புறம் வரவில்லை.

ஒன்று கேட்கிறேன், தப்பாக நினைக்காதே. உன்னை விடுவிக்கச் சொல்லி மனு போடுகிறாயே, அதில் என்னையும் சேர்த்துத்தானே போடுகிறார் வக்கீல்? எனக்கென்று தனியாக வக்கீல் வைக்க வழியில்லை. இலவச சட்ட உதவியில் ஒரு பெண்ணைக் கொடுத்திருக்கிறார்கள். என் மகளைவிட நாலு வயது கூட இருந்தால் அதிகம். என் பெயரை இரண்டு முறை தப்பாக எழுதினாள்.

அம்மாவின் முட்டிக்கு வெந்நீர் ஒத்தடம் கொடுக்கச் சொல். அண்ணியைக் கேட்டதாகச் சொல்.

உன்,
வாலு

*

மார்ச் 2

அன்புள்ள வாலுவுக்கு,

கடிதம் கிடைத்தது. எனக்கு நீ எழுதுவதைப் பேனாவில் எழுதாதே என்று சொல்ல மறந்துவிட்டேன். பரவாயில்லை, படித்ததும் அடுப்பில் போட்டுவிட்டேன்.

மனு போட்டாகிவிட்டது. உன்னைச் சேர்க்கவில்லை. கோபப்படாமல் கேள். ஆழமான கிணற்றில் இரண்டு பேரும் விழுந்து கிடந்தால் மேலே இருந்து யார் கயிறு போடுவது? முதலில் நான் ஏறி வெளியே வருகிறேன். வந்தபின் உன்னை இழுக்கிறேன். எனக்கு ஆட்களைத் தெரியும், துறைச் செயலாளரைத் தெரியும், யாரிடம் எந்த நேரத்தில் பேச வேண்டும் என்பது தெரியும். உன்னை முதலில் வெளியே விட்டால் நீ என்ன செய்வாய்? வாசலில் நின்று அழுவாய்.

நான் ஹோட்டல் கோப்பை மறுபடி எடுத்துப் பார்த்தேன், வக்கீல் அறையில் நகல் இருந்தது. இரண்டாவது படிக்கட்டு பற்றிய குறிப்பு உன் கையெழுத்தில் அழகாக இருக்கிறது. “இடப் பற்றாக்குறை காரணமாக இரண்டாம் படிக்கட்டிலிருந்து விலக்கு அளிக்கலாம்.” ஓரத்தில் நான் பென்சிலில் எழுதித் தந்ததைத்தான் நீ ஒரு எழுத்து மாறாமல் எழுதினாய், அது எனக்குத் தெரியாதா? தேவையா அண்ணா என்று நீ கேட்டதும் ஞாபகம் இருக்கிறது, சொன்னதைச் செய் என்று நான் கத்தியதும் ஞாபகம் இருக்கிறது. ஆனால் கோப்பில் ஓரம் வெள்ளையாக இருக்கிறது. பூதக்கண்ணாடி வைத்துப் பார்த்தார் வக்கீல், ஒன்றும் தெரியவில்லை. உன் வேலை சுத்தம் என்று பாராட்டினார். நானும் பெருமையாகத்தான் தலையாட்டினேன்.

ஆக நீ பயப்பட ஒன்றும் இல்லை. வாயை மட்டும் மூடிக்கொண்டிரு. மருமகள் படிப்பை நான் பார்த்துக்கொள்கிறேன். அவளைச் சாப்பிடச் சொல்.

மனுவின் நகல் உனக்கும் வரும். வக்கீல் பாஷை, அதைப் படித்து மனதைக் குழப்பிக்கொள்ளாதே.

வழக்கம்போல் அழித்துவிடு.

பாசமுள்ள,
அண்ணன்

*

மார்ச் 20

அண்ணாவுக்கு,

உன் கடிதத்தை அழித்துவிட்டேன்.

மனுவின் நகல் வந்தது. படிக்காதே என்று நீ சொன்னதால் ஒன்றுக்கு மூன்று முறை படித்தேன். சின்ன வயதிலிருந்து அதுதானே என் குணம், வாலு என்று பெயர் வைத்ததே அதற்குத்தான்.

ஏழாவது பக்கத்தை இங்கே எடுத்து எழுதுகிறேன். நீ கையெழுத்துப் போட்டதுதான், ஆனாலும் ஒருவேளை படிக்காமல் போட்டிருப்பாய் என்று இன்னும் ஒரு மூலையில் நினைத்துக்கொண்டிருக்கிறேன்.

“மேற்படி குறிப்பை மனுதாரரின் கீழ் பணியாற்றிய எழுத்தர் தன்னிச்சையாகத் தயாரித்துள்ளார். மனுதாரர் அவர்மீது வைத்த நம்பிக்கையில் கையொப்பமிட்டார். அவ்வெழுத்தர் கணவரால் கைவிடப்பட்டவர். மகளின் படிப்புச் செலவுக்கு வழியின்றி இருந்தவர். அவருக்கும் ஹோட்டல் உரிமையாளருக்கும் இடையே என்ன நடந்தது என்பது மனுதாரருக்குத் தெரியாது.”

அவ்வெழுத்தர் நான்தான். இருபத்து மூன்று பக்க மனுவில் தங்கை என்ற சொல் ஓர் இடத்திலும் இல்லை. பென்சிலால் தேடினாலும் இல்லை.

கைவிடப்பட்டவள் என்பதை யாரிடமிருந்து தெரிந்துகொண்டார் உன் வக்கீல்? அன்றைக்கு மழையில் என் பெட்டியைத் தலையில் தூக்கிக்கொண்டு வந்தவன் நீ. மூன்று வயதுக் குழந்தையை உன் சட்டைக்குள் வைத்து மறைத்துக்கொண்டு வந்தாய். இந்த வார்த்தையை இனி இந்த வீட்டில் யாரும் சொல்லக் கூடாது என்று அம்மாவை அதட்டினாய். அதற்காகவே, ஐந்து வருடம் கழித்து நீ வேலை வாங்கித் தந்தபின், உனக்காக எதையும் செய்யலாம் என்று பதினொரு வருடம் ரப்பரைக் கையில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். இப்போது அந்த வார்த்தையை நீயே கொண்டுபோய் நீதிமன்றத்தில் பதிவு பண்ணியிருக்கிறாய்.

எனக்கும் ஹோட்டல்காரனுக்கும் இடையே என்ன நடந்தது என்று நானும் உட்கார்ந்து யோசித்துப் பார்த்தேன். அவன் வந்தபோதெல்லாம் உன் அறைக்கு டீ சொல்லியிருக்கிறேன். சர்க்கரை கம்மியாக என்பான். அவ்வளவுதான் நடந்தது. இதைப் படித்தால் மகள் என்ன நினைப்பாள் என்று ஒரு நிமிடமாவது உனக்குத் தோன்றியதா? அவள் படித்துவிட்டாள். அன்று சாப்பாட்டுப் பெட்டி முழுதாகத் திரும்பி வந்தது. என்னிடமே கேட்டிருந்தால் தேவலை.

கேள், இன்னொன்றும் சொல்கிறேன். பதிமூன்றாம் தேதி நீதிமன்றத்துக்குப் போனேன். நீ வரவில்லை, வக்கீலை அனுப்பியிருந்தாய். வராந்தா பெஞ்சில் என் பக்கத்தில் ஊன்றுகோலோடு ஒரு அம்மா உட்கார்ந்திருந்தாள். ஐம்பது வயது இருக்கும். கோலை எங்கே சாய்ப்பது என்று தெரியாமல் தடுமாறினாள், வாங்கிப் பிடித்துக்கொண்டேன். ஹோட்டலில் துணி துவைக்கிற வேலையாம். மூன்றாவது மாடியில் இருந்திருக்கிறாள். படிக்கட்டு முழுக்கப் புகை, வேறு வழி இருக்கிறதா என்று இரண்டு கோடியும் ஓடிப் பார்த்திருக்கிறாள், இல்லை. துவைத்த போர்வைகளை ஜன்னல் வழியாகக் கீழே போட்டு அதன்மேல் குதித்திருக்கிறாள். இடுப்பு போய்விட்டது. “இன்னொரு படிக்கட்டு எங்கயாவது இருக்கும்னு நெனச்சேம்மா. இவ்ளோ பெரிய கட்டடத்துல இல்லாமலா போவும்?” என்றாள்.

நீங்க எதுக்கு வந்திருக்கீங்க என்று கேட்டாள். ஒரு வழக்கு விஷயமாக என்றேன். நல்லபடியா முடியும், கவலைப்படாதீங்க என்று எனக்கு ஆறுதல் சொன்னாள். அவள் பெயரைக் கூப்பிட்டதும் கோலை எடுத்துக் கொடுத்தேன்.

குறிப்பில் இருப்பது என் எழுத்துதான் அண்ணா. அதை நான் மறுக்கவில்லை. தேவையா என்று ஒரு முறை கேட்டேன், நீ கத்தியதும் எழுதிவிட்டேன். ஒரு முறைக்கு மேல் கேட்காதது என் தப்பு. ஆனால் என் தப்பு அவ்வளவுதான். மற்றதை நீ எடுத்துக்கொள்.

மனுவிலிருந்து அந்த ஏழாவது பக்கத்தை எடுத்துவிடச் சொல். வேறு எதுவும் கேட்கவில்லை.

தங்கை

*

ஏப்ரல் 3

வாலுவுக்கு,

உன் கடிதத்தைப் படித்து இரண்டு நாள் சாப்பாடு இறங்கவில்லை.

அந்தப் பக்கத்தை எடுக்க முடியாது. அதை எடுத்தால் மனுவில் உயிர் இல்லை என்கிறார் வக்கீல். அந்த வார்த்தைகளெல்லாம் அவர் எழுதியவை, சத்தியமாக. காரணம் என்று ஒன்று காட்ட வேண்டும், இல்லாவிட்டால் நீதிபதி நம்ப மாட்டார் என்றார். நான் முதலில் வேண்டாம் என்றுதான் சொன்னேன்.

நிதானமாக யோசித்துப் பார். எனக்கு ஓய்வுபெற இரண்டு வருடம் இருக்கிறது. தண்டனை வந்தால் ஓய்வூதியம் போய்விடும், வீட்டை முடக்கிவிடுவார்கள், அம்மா தெருவில் நிற்பாள். மேல்மாடிக் குளியலறையில் ஹோட்டலில் மிஞ்சிய பச்சை டைல்ஸைப் பதித்துத் தொலைத்தான் அந்த மடையன். அதைப் போட்டோ எடுத்துப் போயிருக்கிறார்கள். நான் தள்ளாடிக்கொண்டிருக்கிறேன். உனக்கு என்ன? நீ எழுத்தர். பெண். தனியாகக் குழந்தையை வளர்த்தவள். நீதிபதி உன்னைப் பார்த்தால் இரக்கப்படுவார். வந்தால் ஒரு வருடம், அதுவும் மேல்முறையீட்டில் குறைந்துவிடும். அதுவரை மருமகளை என் வீட்டில் வைத்துக்கொள்கிறேன். என் மகளைப் போல.

உனக்கு வேலை வாங்கித் தந்தவன் நான். அதைச் சொல்லிக் காட்ட எனக்கு வெட்கமாக இருக்கிறது, ஆனாலும் வேறு யார் சொல்வார்கள்? அன்றைக்கு நான் அந்த மேஜையைப் போடாவிட்டால் நீ இன்று எங்கே இருப்பாய்?

இருபத்தாறாம் தேதி மனு விசாரணைக்கு வருகிறது. உன் தரப்பில் ஏதாவது சொல்ல வேண்டுமா என்று நீதிபதி கேட்பார். ஆட்சேபனை இல்லை என்று அந்தச் சின்ன வக்கீலைச் சொல்லச் சொல். இரண்டு சொல். அது போதும் எனக்கு.

அம்மாவிடம் எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். “இத அவகிட்ட நானும் கேட்டதாச் சொல்லு” என்றாள். கட்டிலில் சுவர் பக்கம் திரும்பிப் படுத்திருக்கிறாள்.

கடிதங்களை அழித்துவிட்டேன் என்று எழுதியிருந்தாய். அழித்த தாள்களை எனக்கு அனுப்பிவிடு. உன்மேல் சந்தேகம் இல்லை. வக்கீல் ஒரு தடவை கண்ணால் பார்க்க வேண்டும் என்கிறார்.

அண்ணன்

*

ஏப்ரல் 19

அண்ணாவுக்கு,

தாள்களைக் கேட்டிருந்தாய். அனுப்ப முடியவில்லை. அழித்துவிட்டேன் என்று இரண்டு முறை எழுதினேனே, இரண்டும் பொய். இதுவரை உன்னிடம் நான் சொன்ன பொய் அவை மட்டும்தான்.

உள்நோக்கம் எதுவும் இல்லை, நம்பினால் நம்பு. பதினொரு வருடம் தினமும் உன் எழுத்தைப் படித்திருக்கிறேன். விலக்கு அளிக்கலாம், நிராகரிக்கலாம், உரிய கட்டணம் செலுத்தச் செய்யலாம், எல்லாம் யாரோ ஒருவரின் கட்டடத்தைப் பற்றி. எனக்கென்று நீ எழுதிய முதல் கடிதம் பிப்ரவரி ஒன்பதாம் தேதிக் கடிதம்தான். என் அன்புத் தங்கை என்று தொடங்கியிருந்தாய். ரப்பரை எடுத்துவைத்துக்கொண்டு உட்கார்ந்தேன். அந்த வரியை அழிக்கக் கை வரவில்லை. மகளின் பிறப்புச் சான்றிதழ் இருக்கும் உறையில் வைத்துவிட்டேன். இரண்டாவதையும் அங்கேயே வைத்தேன்.

மூன்றாவது வந்த அன்று மறுபடி ரப்பரை எடுத்தேன். உண்மையாகவே அழித்துவிடத்தான் உட்கார்ந்தேன், அம்மா கேட்டிருக்கிறாளே என்று. ‘வாலுவுக்கு’ என்பதை அழித்தேன். அது போய்விட்டது. அடுத்த வரிக்குப் போகும்போது மகள் வந்து பக்கத்தில் நின்றாள். என்னம்மா பண்ற என்றாள். மாமா கடிதத்தை அழிக்கிறேன் என்றேன். வாங்கிப் படித்தாள். ரப்பரை எடுத்துக்கொண்டு போய்விட்டாள். பத்து நிமிடம் கழித்து வந்து ஒரே ஒரு கேள்வி கேட்டாள். “நீ ஜெயிலுக்குப் போனா நான் அந்த மாடி வீட்லயாம்மா இருக்கணும்?”

நேற்றுக் காலை மூன்று கடிதங்களையும் விசாரணை அதிகாரியிடம் கொடுத்துவிட்டேன். ரசீது வாங்கியிருக்கிறேன். அவர் இரண்டாவதைத்தான் நெடுநேரம் படித்தார், நான் கேட்டதும் நீ கத்தியதும் இருக்கிற கடிதத்தை. பென்சில் எழுத்து, என் எழுத்து இல்லை என்று உங்கள் அண்ணன் சொன்னால் என்ன செய்வீர்கள் என்று கேட்டார். “பதினொரு வருஷம் இந்த எழுத்தப் பார்த்துத்தான் சார் எழுதினேன். என் எழுத்த விட இது எனக்கு நல்லாத் தெரியும்” என்றேன். இதனால் உங்களுக்கு ஒரு லாபமும் இல்லையம்மா, தெரிந்தே எழுதினேன் என்று நீங்களே ஒப்புக்கொண்ட மாதிரி ஆகிறது என்றார். தெரியும் என்றேன். அந்தச் சின்ன வக்கீல் பெண்ணும் இதையேதான் சொன்னாள். பிறகு என் பெயரைச் சரியாக எழுதிக் கையெழுத்து வாங்கிக்கொண்டாள்.

நான் தப்பித்துக்கொள்வதற்காகச் செய்யவில்லை அண்ணா. ஊன்றுகோல் வைத்திருந்த அம்மாவுக்கு நானும்தான் பதில் சொல்ல வேண்டும். ஆனால் தனியாகச் சொல்ல மாட்டேன். நீ கிணற்றிலிருந்து ஏற என் தோளில் கால் வைத்தாய், வைத்துக்கொள் என்றுதான் குனிந்தேன். ஏறும்போதே என் முகத்தில் ஏன் சேற்றைப் பூசினாய்? அதைத்தான் என்னால் தாங்க முடியவில்லை. அந்த ஏழாவது பக்கம் இல்லாமல் நீ என்னை உள்ளே அனுப்பியிருந்தால் போயிருப்பேன். இப்போது நினைத்தால் எனக்கே என்மேல் கோபம் வருகிறது, ஆனால் போயிருப்பேன்.

வேலை வாங்கித் தந்ததை மறக்கவில்லை. பெட்டியைத் தூக்கி வந்ததையும் மறக்கவில்லை. அன்றைக்கு வந்த அண்ணனை நான் எங்கேயும் அழிக்கவில்லை. அவன் எங்கே போனான் என்று உனக்குத் தெரிந்தால் எனக்கும் சொல்.

இருபத்தாறாம் தேதி நானும் வருவேன். நீதிபதி கேட்டால் ஆட்சேபனை இருக்கிறது என்று நானே எழுந்து சொல்வேன். பெஞ்சில் உன் பக்கத்தில் இடம் இருந்தால் உட்காருவேன், இல்லாவிட்டால் நின்றுகொள்கிறேன். இனி எழுதாதே. எழுதினால் பிரிக்காமல் அதிகாரியிடம் கொடுத்துவிடுவேன்.

அம்மாவிடம் நான் கேட்டதாகச் சொல்ல வேண்டாம். எப்படியாவது தாங்கிப் பிடித்துக் கீழ் அறைக்கு இறக்கி வைத்துக்கொள். கூடத்துக் கட்டிலைக் காலி செய்தால் போதும். அந்த மேல்மாடிக்கும் ஒரு படிக்கட்டுதான் இருக்கிறது.

இப்படிக்கு,
உன் தங்கை